பெட்டி மூட முன்னம்

— உன்னட்டை நான் வேறை என்ன கேட்டனான் எமில்? நாளைக்கு அம்மாவின்ரை முப்பத்தோராம் நாள். பூசை முடிய எல்லாரும் சேமக்காலைக்குப் போவம். கல்லறையடியிலை நிண்டு உன்ரை கிற்றாரிலை ஒரு பாட்டு வாசி. ஒரேயொரு பாட்டு. மூண்டு நிமிசம்.

— ஏலாது அக்கா.

— ஏன் ஏலாது?

— ஏலாதெண்டா ஏலாது.

— உது ஒரு பதிலே? இருவத்திநாலு வருசமா நோர்வேயிலை கிற்றார் அடிச்சுச் சீவிக்கிறாய். உன்ரை படம் போட்ட பெனியனோடை வெள்ளைக்காரப் பிள்ளையள் திரியுதுகள். பெத்த தாய்க்கு மூண்டு நிமிசம் வாசிக்க உனக்கு ஏலாது.

— நான் வாசிக்கிறது ஹார்ட் றொக் அக்கா. காதைக் கிழிக்கிற பாட்டு. சேமக்காலைக்குச் சரிவராது.

— சத்தம் எங்களுக்குத் தெரியாததோ? ஷெல்லுக்கும் பொம்பருக்கும் நடுவிலை பிள்ளை வளத்த சனம் நாங்கள். போன முறை நீ வந்தேக்கை பெருநாளிலை வாசிச்சனீ. மரியப்பிள்ளை மாமி முன்வாங்கிலை இருந்து காதைப் பொத்தினபடி கடைசி மட்டும் கேட்டவ. பேந்து அம்மாவைப் பிடிச்சு, காது போனாலும் பறவாயில்லை லூர்த்து, பொடியன் நல்லா வாசிக்கிறான் எண்டவ. அம்மா அதை எத்தினை வருசம் சொல்லித் திரிஞ்சவ தெரியுமோ?

— தெரியும். போனிலையும் சொன்னவ.

— கிற்றாரைக்கூடக் கொண்டு வராமல் வந்திருக்கிறாய். கடலுக்குப் போறவன் வலையை வீட்டிலை வைச்சிட்டுப் போன கதைதான்.

— பாரம் எண்டு விட்டிட்டு வந்தனான்.

— பாரம். சரி. வந்து மூண்டு நாளாச்சு, அம்மாவின்ரை கல்லறைக்குக்கூட நீ இன்னும் போகேல்லை.

— நாளைக்குப் போவம்தானே.

— ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டனியோ? அவ கிடந்த கட்டிலைக் காட்டினன். பாத்தாய். அவவின்ரை செபமாலையைக் கையிலை தந்தன். வாங்கி மேசையிலை வைச்சாய். பஸ் ரிக்கற் வைக்கிற மாதிரி வைச்சாய்.

— அழுகை வரேல்லை அக்கா. நான் என்ன செய்ய? வந்தா அழுவன்.

— நெஞ்சுக்குள்ளை ஒண்டும் செய்யேல்லையோ?

— ஒண்டும் செய்யேல்லை. பிளேனிலை வரேக்கை, அம்மா இல்லை, அம்மா இல்லை எண்டு மனசுக்குள்ளை சொல்லிச் சொல்லிப் பாத்தனான். பக்கத்திலை இருந்தவன் தண்ணி வேணுமோ எண்டு கேட்டான். ஓம் எண்டு வாங்கிக் குடிச்சன். அவ்வளவுதான்.

— என்ரை மாதாவே. உனக்கு என்னடா நடந்தது?

— தெரியேல்லை.

— நான் அழுறது வெங்காயத்துக்கு எண்டு நினையாதை. ரெண்டு கிலோ வெங்காயமும் நேற்றே உரிச்சாச்சு. எங்கடை வீட்டு வழக்கம் உனக்கு மறந்து போச்சோ?

— மறக்கேல்லை.

— சொல்லு பாப்பம்.

— பெட்டி மூட முன்னம் பிள்ளையள் பாட வேணும். வாத்தியம் தெரிஞ்சவன் பெட்டியடியிலை நிண்டு வாசிக்க வேணும்.

— வாசிக்காமல் மூடினால்?

— மூடக்கூடாது.

— ஓம். மூடக்கூடாது. அப்பாவுக்கு நீ வாசிச்சனீ. பதினேழு வயசு. பொருளாதாரத் தடை நேரம். கரன்ற் இல்லை, கிற்றாருக்குக் கம்பி இல்லை. சைக்கிள் பிறேக் வயரைப் பிரிச்சுக் கம்பி எடுத்துக் கட்டினனீ.

— ரெண்டு கம்பிதான் அப்பிடி. கையை வெட்டும்.

— வெட்டினதுதான். விரலாலை ரத்தம் ஒழுக ஒழுக வாசிச்சனீ. அண்டைக்கு நீ அழுதனீ எமில். மூக்கையும் துடைக்காமல் அழுது அழுது வாசிச்சனீ. அப்பா யாகோப்புவின்ரை செத்தவீடெண்டா குருநகரிலை இண்டைக்கும் சனம் அதைத்தான் சொல்லும்.

— ம்.

— அம்மாவுக்கு என்ன நடந்தது? அதையும் உன்ரை வாயாலை சொல்லு.

— நான் இல்லைத்தானே.

— நீ இல்லை. வெள்ளிக்கிழமை விடியப்புறம் அவ கண்ணை மூடினவ. உடனை உனக்குப் போன் எடுத்தனான். ஞாயிற்றுக்கிழமை மட்டும் பெட்டியை வைச்சிருப்பம், எப்பிடியும் வந்து சேர் எண்டனான். நீ என்ன சொன்னனீ?

— சனிக்கிழமை ஜேர்மனியிலை கொன்சேட் எண்டனான்.

— ஒப்பந்தம் எண்டனீ. விட்டிட்டு வந்தா வழக்குப் போடுவாங்கள் எண்டனீ.

— ஓம். சொன்னனான்.

— முப்பதாயிரம் சனமாம். முப்பதாயிரம் பேருக்கு வாசிக்க நேரமிருந்தது, பெட்டிக்குள்ளை கிடந்த ஒரு ஆளுக்கு வாசிக்க நேரமில்லை. பங்குச் சுவாமி, நேரம் போச்சு, மூடுங்கோ மூடுங்கோ எண்டுறார். நான் மூடியைப் பிடிச்சுக்கொண்டு நிக்கிறன், விடமாட்டன் எண்டு. பேந்து உன்ரை கூட்டாளி லெனாட்தான் உன்ரை பாட்டொண்டைப் போனிலை போட்டு அம்மாவின்ரை காதடியிலை வைச்சவன். போனிலை எமில். மகன் உயிரோடை இருக்க, தாய்க்குப் போன் வாசிச்சது.

— லெனாட் சொன்னவன்.

— உன்னை நான் மன்னிக்கேல்லை. முகத்துக்கு நேரை சொல்லிப்போட்டன், விளங்குதோ? நாளைக்கு வாசிச்சியோ, மன்னிப்பன். அம்மாவுக்கு விட்ட குறை தீந்து போகும். வாசிக்காட்டி, பூசை முடிஞ்ச கையோடை உன்ரை நோர்வேக்குப் போ. இந்தப் படலையைப் பேந்து நீ திறக்கத் தேவையில்லை.

— சரி.

— என்ன சரி?

— நீ சொல்லுறது சரியெண்டுறன்.

— உன்னோடை சண்டை பிடிக்கவும் ஏலாமல் கிடக்கு. சண்டை பிடிக்கிறதெண்டா ரெண்டு பேர் வேணும்.

— றெஜினாக்கா, நாயைப் பிடியுங்கோ. ரெண்டு கையிலும் சாமான்.

— நாய் உன்னைக் கண்டாக் குரைக்காது லெனாட், உள்ளுக்கு வா. உதென்ன பெட்டி?

— அம்ப்ளிஃபயர். எங்கடை கொயர் அறையிலை தூசி பிடிச்சுக் கிடந்தது. இது என்ரை கிற்றார். மச்சான் எமில், பாத்தியே, புதுக்கம்பி மாட்டிக் கொண்டந்திருக்கிறன். ஸ்பீக்கர் கொஞ்சம் இரையும், எண்டாலும் சேமக்காலைக்குக் காணும். மதிலுக்கு அங்காலை இருக்கிற வீட்டிலை இருந்து கரன்ற் வயர் இழுப்பம். கேட்டுப்போட்டன், ஓமெண்டிட்டினம்.

— ஏன்டாப்பா உனக்கு உந்தக் கரைச்சல்?

— கரைச்சலோ? உன்ரை அப்பாவின்ரை செத்தவீட்டிலை சைக்கிளைக் கவிட்டு வைச்சுப் பெடலைக் கையாலை சுத்திச் சுத்தி, டைனமோவிலை உனக்குக் கரன்ற் தந்தவன் ஆர்? நான் களைச்சா உன்ரை பாட்டும் களைக்கும். சுத்தடா, சுத்தடா எண்டு கண்ணாலை காட்டுவாய். நாளைக்குக் கரன்ற் தன்ரை பாட்டிலை வரும். நான் கையைக் கட்டிக்கொண்டு நிண்டு கேக்கப்போறன். அதொண்டுதான் என்ரை ஆசை.

— லெனாட், இவன் ஏலாதெண்டுறான்.

— அவன் எப்பவும் அப்பிடித்தானக்கா. முதல்லை ஏலாதெண்டுவான், பேந்து மேடையை விட்டு இறக்கேலாது. பெருநாளுக்கு நாங்கள் சினிமாப்பாட்டு வாசிக்கப் போனது நினைவிருக்கோ? காதல் பாட்டுக்கு நடுவிலை புகுந்து ஹார்ட் றொக் அடிக்கத் தொடங்கினான். பாடின பிள்ளை மைக்கை வைச்சிட்டு இறங்கிப் போட்டுது. பங்குச் சபை எங்களை ரெண்டு வருசத்துக்குத் தள்ளி வைச்சது.

— அது உன்னாலை. நீதான் ட்ரம்ஸ்காரனுக்குக் கண்ணைக் காட்டினது.

— சத்தியமா இல்லை மச்சான். சரி, நான்தான். இப்ப அதைச் சொன்னா என்ன, பங்குச் சபையிலை இப்ப நானே ஒரு ஆள். அதுசரி, நோர்வேயிலை எப்பிடி அந்த பாண்டிலை சேந்தனீ? அம்மா சொல்லுவா, வெள்ளைக்காரர் வீடு தேடி வந்து கூட்டிக்கொண்டு போனவையாம்.

— அம்மாவுக்கு அப்பிடிச் சொன்னனான். ஒரு சாப்பாட்டுக் கடையிலை மூண்டு வருசம் பீங்கான் கழுவினனான். பின்னுக்கு ஒரு கராஜ். அதிலை மூண்டு பேர் வாசிச்சுப் பழகுவாங்கள். ஒருநாள் லீட் கிற்றார்க்காரன் குடிவெறியிலை வரேல்லை. நான் சவுக்கார நுரையோடை ஏப்ரனும் கழட்டாமல் போய், தாவன் எண்டு கேட்டு வாங்கி வாசிச்சனான்.

— பேந்து?

— பேந்து பீங்கான் கழுவேல்லை.

— கேட்டியளே அக்கா. இதுக்குப் பேர் வித்தை. ஆறு அல்பம். ஜப்பான் மட்டும் போய் வந்திட்டான். ஆனா மச்சான், மூண்டு நாலு வருசமா நீ புதுப்பாட்டு ஒண்டும் விடேல்லை. நான் பாத்துக்கொண்டுதான் இருக்கிறன்.

— பழைய பாட்டைத்தான் சனம் கேக்குது.

— மேடையிலை அவ்வளவு சனத்துக்கு முன்னாலை நிக்கேக்கை என்ன மச்சான் நினைப்பாய்?

— ஒண்டும் நினைக்கிறேல்லை. லைற் கண்ணுக்கை அடிக்கும். எத்தினை பாட்டு மிச்சம் எண்டு எண்ணுவன்.

— சும்மா சொல்லாதை. அந்த ஜேர்மனிக் கொன்சேட்டை நான் போனிலை நாப்பது தரம் பாத்தவன்.

— லெனாட், எனக்கு முன்னாலை அந்தக் கதையை எடுக்காதை.

— கோபம் வேறை, வித்தை வேறை அக்கா. தாய் செத்து ஒரு நாள். வேறை ஆளெண்டா விரல் நடுங்கும். இவன் ஒரு இடத்திலை பிசகினவனோ? றெக்கோட்டிலை எப்பிடிக் கிடக்கோ அச்சொட்டா அப்பிடி. ஒரு மயிரிழை கூடக் குறையேல்லை. என்னெண்டு மச்சான் உன்னாலை ஏலுமாயிருந்தது?

— பழக்கம்.

— பழக்கமாம். நான் முப்பது வருசமா கோயிலிலை ஓகன் வாசிக்கிறன், ஆராதனைப் பாட்டிலை இப்பவும் ஒரு இடத்திலை தடக்குப்படுறன்.

— கதைச்சது காணும். இந்தாங்கோ தேத்தண்ணி. இப்பதான் கொதிச்சது, விளிம்பிலை பிடி லெனாட்.

— பொறுங்கோ, பொறுங்கோ, மேசையிலை வைக்கிறன். நல்லாச் சுடுதக்கா. உந்தச் சில்வர்க் கப்பிலை தாறதை விடுங்கோவன், ஒரு கிளாஸ் இல்லையோ?

— கடலுக்குப் போய் நண்டுக்கடி பட்ட கைக்குத் தேத்தண்ணி சுடுதோ?

— எனக்குச் சுடுது. மச்சானுக்குத்தான் சுடேல்லை. பாருங்கோ, கப்பை அப்பிடியே பொத்திப் பிடிச்சுக்கொண்டு இருக்கிறான்.

— எமில். கப்பை வை.

— ஏன்?

— வையெடா கீழை. கையைக் காட்டு. மற்றக் கை. மாதாவே, நாலு விரலும் சிவந்து போய்க் கிடக்கு. இஞ்சை தோல் கிளம்புது. உனக்குத் தெரியேல்லையோ?

— தெரியேல்லை.

— இடக்கையக்கா. கம்பி பிடிக்கிற கை. மச்சான், இப்ப கிள்ளுறன். தெரியுதோ?

— நீ கிள்ளுறது கண்ணுக்குத் தெரியுது.

— இப்ப? நகத்தாலை கிள்ளுறன்.

— இல்லை. விடு லெனாட்.

— என்னடா இது. என்ன கதையடா இது. அக்கா, பச்சைத் தண்ணியிலை கையை வைக்கச் சொல்லுங்கோ. சந்தியிலை பாமசி திறந்திருக்கும், நான் ஓடிப்போய் எரிகாயத்துக்குப் பூசுற மருந்து வாங்கியாறன்.

— ஓடு. சைக்கிளிலை போ. எமில், இந்தச் சட்டிக்குள்ளை கையை வை. எடுக்காதை.

— நோகேல்லை அக்கா. விடு.

— நோகாததுதானே பயம். இதுதானோ வாசிக்கேலாது எண்டது?

— ஓம்.

— வாயிலை என்ன கொழுக்கட்டையோ? மூண்டு நாளா நான் உன்னைத் திண்டுகொண்டிருக்கிறன், நீ ஏலாது ஏலாது எண்டு மட்டும் சொல்லிக்கொண்டிருந்தனீ. டொக்டரிட்டைப் போனனியோ?

— ரெண்டு மூண்டு பேரிட்டைப் போனனான். கழுத்திலை இருந்து வாற நரம்பாம். செத்துப் போச்சாம். இனித் திரும்பாதாம்.

— ஒப்பரேசன் செய்தாலும்?

— செய்தாலும்.

— அப்ப உன்ரை பிழைப்பு? கிற்றார் இல்லாமல் நீ என்ன செய்வாய்? உனக்கு வேறை என்ன தெரியும்?

— ஒண்டும் தெரியாது.

— இதை இப்பிடிச் சொல்லுறாய், ஆரோ ஒருத்தன்ரை கையைச் சொல்லுற மாதிரி. எப்பவிலையிருந்து இது? அம்மா போன பிறகோ?

— தண்ணி சில்லெண்டு இருக்கோ சூடாயிருக்கோ எண்டும் தெரியேல்லை.

— கேக்கிறதுக்குப் பதில் சொல்லு. அம்மா போன பிறகுதானே?

— ம்.

— எனக்குத் தெரியும். கையைப் பாத்த உடனை எனக்கு விளங்கிட்டுது. இஞ்சை வா, கிட்ட வா. நான் உன்னைப் பேசின பேச்சு, கடவுளே, எவ்வளவு பேசினன். உனக்கு அழுகை வராததும் இதாலைதான். கண்ணீர் வராமல் விரலிலை போய் விழுந்திருக்கு. அந்தளவு துக்கத்தை உள்ளுக்கை வைச்சுக்கொண்டு திரிஞ்சிருக்கிறாய்.

— அக்கா, அப்பிடியில்லை.

— எனக்கு நீ சொல்லத் தேவையில்லை. நான் ஒண்டு சொல்லுறன், கேள். நாலு வருசம் அம்மாவைத் தூக்கிக் குளிப்பாட்டினது நான். பீத்துணி தோய்ச்சது நான். அவ வாய் திறந்தா எமில் சாப்பிட்டானோ, எமிலுக்கு அங்கை குளிரோ, இதுதான். நான் பக்கத்திலை நிப்பன், என்னைக் கேக்கமாட்டா. எனக்கு உன்னிலை எரிச்சல் எமில். பொறாமையெண்டே சொல்லுறன். அதாலையும் சேத்துத்தான் உன்னை அப்பிடிப் பேசினன். என்னை மன்னிச்சுக்கொள்ளு.

— நீ ஏன் என்னட்டை மன்னிப்புக் கேக்கிறாய்?

— கேப்பன். நான் உன்னை எப்பவோ மன்னிச்சிட்டன், இப்ப நீ என்னை மன்னி. நாளைக்கு வாசிக்கத் தேவையில்லை. என்ரை பக்கத்திலை நிண்டாக் காணும். எப்ப வந்தாலும் இது உன்ரை வீடு. படலை, கிடலை எண்டு சொன்னதெல்லாம் மறந்திடு. முப்பது நாளைக்குப் பிறகு இண்டைக்குத்தான் எனக்கு நெஞ்சு லேசாயிருக்கு.

— சரி அக்கா. இந்தக் கதையை இதோடை விடுவம்.

— விடமாட்டன். செத்தவீட்டிலை உன்னைப் பற்றிச் சனம் என்னவெல்லாம் கதைச்சது தெரியுமோ? தாயை விடக் காசு பெரிசாப் போச்செண்டு கதைச்சது. நான் தலை குனிஞ்சு நிண்டனான். அந்த வாயெல்லாம் நாளைக்கு மூட வேணும். சுவாமிக்கு எடுக்கிறன். பிரசங்கத்திலை ஒரு வார்த்தை சொல்லட்டும்.

— என்ன சொல்ல?

— தாய் செத்த துக்கத்திலை பிள்ளைக்குக் கை மரத்துப் போச்செண்டு சொல்லட்டும். அந்த ஜேர்மனி மேடைதான் இவன்ரை கடைசி வாசிப்பு, அது தாய்க்கு வாசிச்ச வாசிப்பு எண்டு சொல்லட்டும். இஞ்சை பெட்டியடியிலை வாசிக்காட்டிலும் அங்கை நிண்டு அம்மாவுக்குத்தானே வாசிச்சனீ. எனக்குத்தான் அது விளங்காமல் போச்சு.

— சுவாமிக்கு எடுக்காதை.

— போன் மணி அடிக்குது, பொறு.

— போனை வை அக்கா. சொன்னாக் கேள், வை.

— வைச்சிட்டன். என்னடா? முகம் ஏன் இப்பிடிப் போகுது?

— நான் ம் எண்டது பொய்.

— எது பொய்?

— அம்மா போன பிறகெண்டது. விரல் மரத்து மூண்டு வருசம்.

— விசர்க்கதை கதையாதை. ஒரு மாசத்துக்கு முன்னம் முப்பதாயிரம் சனத்துக்கு முன்னாலை வாசிச்சனீ. லெனாட் நாப்பது தரம் பாத்தவன். நானும் பாத்தனான், திட்டித் திட்டிப் பாத்தனான்.

— ஓடினது பழைய றெக்கோட். நான் கம்பியிலை விரலை வைச்சு ஆட்டிக்கொண்டு நிண்டனான். மூண்டு வருசமா எல்லா மேடையிலும் அப்பிடித்தான். பாண்டிலை இருக்கிறவங்களுக்கு மட்டும்தான் தெரியும்.

— அப்ப அந்த ஒப்பந்தம்? விட்டிட்டு வந்தா வழக்கெண்டது?

— ஒப்பந்தமும் இல்லை, வழக்கும் இல்லை. அம்மா செத்திட்டா, நீ போ, நீ இல்லாமல் நாங்கள் பாத்துக்கொள்ளுறம் எண்டுதான் அவங்கள் சொன்னவங்கள். இஞ்சை வந்தா பெட்டியடியிலை நீ என்ரை கையிலை கிற்றாரைத் தருவாய். அதுக்குப் பயந்துதான் நான் வரேல்லை அக்கா.